நாட்டுப்பண்ணும் படைவணக்கமும்

அணிவகுப்புத் திடலில் நாட்டுப்பண் ஒலிக்கத் தொடங்கியதும் படைவீரர் அனைவரும் கையை நெற்றிக்கு உயர்த்தி வணக்கம் செலுத்துவர் என்று மாணாக்கர் பலர் எண்ணுகின்றனர். உண்மை அதுவன்று. பிரிட்டிஷ் படைமரபைத் தழுவிய நாடுகளில், அணியில் நிற்கும் வீரன் தானாகக் கையை உயர்த்துவதில்லை. ஆணை பிறந்ததும் துப்பாக்கி ஏந்தியவன் அதனை உடலுக்கு முன்னே செங்குத்தாக நிறுத்தி மரியாதை செய்வான். ஏந்தாதவன் விறைத்து நிமிர்ந்து நிற்பான். அணியை நடத்தும் அதிகாரியே அனைவர் சார்பிலும் கையாலோ வாளாலோ வணக்கம் செலுத்துவார். அணியில் சேராது தனித்து நிற்கும் சீருடையாளர், கொடியை நோக்கியோ கொடி இல்லாவிடத்து இசை வரும் திசையை நோக்கியோ திரும்பிக் கைவணக்கம் செய்வார். தலையில் தொப்பி இல்லாதவர் எத்துணை உயர்ந்த பதவியினராயினும் கையை உயர்த்துவதில்லை. அசையாது நிற்றலே அவர்க்குரிய மரியாதை. பண்ணின் முதல் ஒலியோடு தொடங்கும் வணக்கம் இறுதி ஒலி அடங்கிய பின்னரே முடிவுறும்.

இவ்விதிகளைப் பயிற்றுவிப்போர் உண்டு. அவற்றின் வரலாற்றை எடுத்துரைப்போர் அரியர். அவ்வரலாற்றை அறிந்துகொள்ள மலாயாவையும் சிங்கப்பூரையும் விடப் பொருத்தமான களம் வேறொன்று கிடைப்பது கடினம். 1941க்கும் 1959க்கும் இடைப்பட்ட பதினெட்டே ஆண்டுகளில், இம்மண்ணில் ஐந்து வெவ்வேறு பண்களுக்குப் படைவீரர்கள் மரியாதை செலுத்தியிருக்கின்றனர். நின்ற நிலை ஏறத்தாழ ஒன்றே. பாட்டுத்தான் மாறிக்கொண்டே இருந்தது.

கைவணக்கத்தின் தோற்றத்தைப் பற்றி ஒரு கதை பரவலாக வழங்குகிறது. இரும்புக் கவசம் பூண்ட ஐரோப்பிய வீரர்கள் எதிர்ப்படும்போது முகமூடியைக் கையால் தூக்கித் தம் முகத்தைக் காட்டினர் என்றும், அதுவே பின்னாளில் கைவணக்கம் ஆயிற்று என்றும் கூறுவர். கேட்பதற்கு இனிய கதைதான், சான்றுதான் இல்லை. சான்றுள்ள செய்தி இதனினும் எளியது. உயர்ந்தோர் முன் தொப்பியைக் கழற்றுவதே ஐரோப்பியர் வழக்கம். வீரர்களும் அவ்வாறே செய்துவந்தனர். 1745ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் கோல்ட்ஸ்ட்ரீம் காவற்படை, அதிகாரியைக் கடந்து செல்லும் வீரர்கள் இனித் தொப்பியைக் கழற்ற வேண்டா, கையைத் தொப்பியருகே கொண்டுசென்று தலைதாழ்த்தினாலே போதும் என்று ஆணையிட்டது. 1762இல் ஸ்காட்லாந்துப் படைப்பிரிவு ஒன்று அதற்குக் காரணமும் கூறிற்று. அடிக்கடி கழற்றுவதால் தொப்பி உருக்குலைகிறது, அதன் சரிகை அழுக்கடைகிறது என்பதே அக்காரணம்! ஆக, தொப்பியைக் கழற்றுவதற்கு மாற்றாக வந்ததே கைவணக்கம். தொப்பி இல்லாதவன் கையை உயர்த்தாமைக்குரிய பொருளும் இதனால் விளங்கும். கழற்றுவதற்கு ஒன்று இல்லாதபோது அதற்கு மாற்று எதற்கு?

வியப்பு என்னவெனில், உலகின் மிகப் பழைய நாட்டுப்பண்களுள் ஒன்றாகிய பிரிட்டிஷ் மன்னர் வாழ்த்து மக்கள் நடுவே புகழ்பெற்றதும் அதே 1745ஆம் ஆண்டில்தான். அவ்வாண்டு செப்டம்பர் 21ஆம் நாள் பிரஸ்டன்பான்சுப் போரில் அரசப் படை கிளர்ச்சியாளரிடம் தோற்றது. இலண்டன் நகரம் நடுங்கியது. ஒரு வாரம் கழித்து, 28ஆம் நாள், துரூரி லேன் நாடக அரங்கில் நாடகம் முடிந்ததும் பாடகர்கள் மேடையேறி, தாமஸ் ஆர்ன் அரங்கிசைக்கு ஏற்ப ஒழுங்குபடுத்திய மன்னர் வாழ்த்தைப் பாடினர். அவையோர் பேரார்வத்துடன் அதனை வரவேற்றனர். அச்சத்தில் பிறந்த அவ்வாழ்த்து, பின்னர்ப் பேரரசு சென்ற இடமெல்லாம் சென்றது. கையும் பாட்டும் ஒரே ஆண்டில் புறப்பட்டு, அணிவகுப்புத் திடலில் ஒன்றுகூடின.

படையின் இசைக்கருவிக்கு மரியாதை செய்தல் தமிழர்க்குப் புதிதன்று. வேந்தனின் வீரமுரசு நீராட்டுக்குச் சென்றிருந்த வேளையில், களைத்து வந்த மோசிகீரனார் முரசுகட்டில் இன்னதென்றறியாது அதன்மேல் உறங்கிவிட்டதைப் புறநானூறு கூறுகிறது. தண்டனைக்குரிய அச்செயலைக் கண்ட சேரமான் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை வாளை ஓச்சவில்லை; புலவர்க்குக் கவரி வீசி நின்றான். விதியை முற்றும் அறிந்தவனே அதனைத் தளர்த்தவும் அறிவான் போலும்.

நாட்டுப்பண் முதலில் மக்கள் உள்ளத்தில் பிறந்து, பின்னரே படைத்திடலுக்கு வந்தது என்று கருதுவோர் உண்டு. சில நாடுகளில் அது நேர்மாறாக நிகழ்ந்தது. படைமரியாதை முன்னே வந்து நின்று, பாட்டு எங்கே என்று கேட்டது. ஜப்பான் இதற்குச் சான்று. 1869ஆம் ஆண்டளவில் யோக்கஹாமாவில் இருந்த பிரிட்டிஷ் படையின் இசைக்குழுத் தலைவர் ஜான் வில்லியம் பென்டன், சத்சுமாவிலிருந்து வந்த ஜப்பானிய இளைஞர்களுக்கு இசைக்கருவிகளைப் பயிற்றுவித்தார். அரச மரியாதையின்போது இசைப்பதற்கு ஜப்பானுக்கென ஒரு பண் இல்லையே என்று அவர் சுட்டிக்காட்டினார். படைத்தலைவர் ஒயாமா இவாவோ பழம்பாடல் ஒன்றைத் தெரிந்தளித்தார். பத்தாம் நூற்றாண்டில் தொகுக்கப்பட்ட நூலில் இடம்பெற்ற சிறு பாடல் அது. பென்டன் அமைத்த மெட்டு ஜப்பானியர் செவிக்கு ஒவ்வவில்லை. 1880இல் அரண்மனை இசைவாணர் ஹயாஷி ஹிரோமோரியின் பெயரால் புதிய மெட்டு அமைந்தது. செருமானியர் பிரான்ஸ் எக்கெர்ட் அதனை இசைக்குழுவுக்கு ஏற்ப ஒழுங்குபடுத்தினார். இதுவே கிமிகாயோ.

பேரா மாநிலத்தில் வழங்கும் செய்தியும் இதனைப் போன்றதே. சுல்தான் இத்ரிஸ், ஏழாம் எட்வர்டு மன்னரின் முடிசூட்டு விழாவுக்காக இங்கிலாந்து சென்றபோது, வரவேற்பு மரியாதையில் இசைப்பதற்குப் பேராவின் பண் யாதென்று ஆங்கில அதிகாரிகள் வினவினராம். பண் என ஒன்று அப்போது இல்லை. இல்லையென்றால் இழிவாகுமே என்று கருதிய சுல்தானின் மெய்க்காப்பு அதிகாரி, தமக்குத் தெரிந்த மெட்டொன்றை வாய்க்குள் இசைத்துக்காட்டினாராம். பர்ச் கொலைக்குப் பின் 1877இல் சேஷல்ஸ் தீவுக்கு நாடு கடத்தப்பட்ட சுல்தான் அப்துல்லாவின் குடும்பத்தார் அங்கே கேட்டுப் பழகிய மெட்டு அது என்பர். இச்செய்தி வாய்மொழியாக, சிறு வேறுபாடுகளுடன், இன்றும் வழங்கிவருகிறது. மெட்டு பேராவின் பண்ணாக நிலைபெற்றது மட்டும் ஐயமற்றது. அதே மெட்டு 'தெராங் பூலான்' என்னும் காதற்பாட்டாகவும் மலாய் உலகெங்கும் ஒலித்தது.

பிரிட்டிஷ் ஆட்சியில் மலாயாவின் படைத்திடல்களில் ஒலித்தது மன்னர் வாழ்த்தே. 1933 மார்ச் முதல் நாள் போர்ட்டிக்சனில் 25 இளைஞர்களைக் கொண்டு தொடங்கப்பட்ட மலாய்ப் படையும் பிரிட்டிஷ் முறையிலேயே பயிற்றுவிக்கப்பட்டது. இந்தியப் படைப்பிரிவுகளில் இருந்த பஞ்சாபியரும் கூர்க்கரும் கார்வாலியரும் அதே பண்ணுக்கு நிமிர்ந்து நின்றனர். அப்பண்ணின் மொழி அவர்களுள் மிகப் பலர்க்குப் புரியாது. அதில் வாழ்த்தப்பட்ட மன்னரை அவர்கள் கண்டதுமில்லை. ஆயினும் உறுதிமொழி எடுத்தவர்கள் அவர்கள். படைமரபில் உறுதிமொழியும் வணக்கமும் ஒரே நாணயத்தின் இரு பக்கங்கள்.

அந்த நாணயம் 1942 பிப்ரவரியில் செல்லாக்காசு ஆனது. பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. 17ஆம் நாள் பேரர் பார்க் திடலில் 40,000க்கு மேற்பட்ட இந்திய வீரர்கள் கூட்டப்பட்டனர். பிரிட்டிஷ் அதிகாரி ஹன்ட், அவர்களை ஜப்பானிய அதிகாரி புஜிவாராவிடம் ஒப்படைத்துவிட்டு அகன்றார். இதுவரை தமக்குக் கீழ்ப்படிந்ததுபோல் இனி ஜப்பானியர்க்குக் கீழ்ப்படிய வேண்டும் என்பதே அவருரையின் சாரம். உறுதிமொழி வாங்கியவர்களே அதனைக் கைமாற்றிக் கொடுத்ததைப் போன்ற காட்சி! அன்று அத்திடலில் நின்றவர்களின் மனநிலையை அறியாமல், பின்னர் நிகழ்ந்தவற்றைத் தீர்ப்பிடுதல் முறையாகாது.

மலாய்ப் படையினர்க்கும் சோதனை வந்தது. பாசிர் பாஞ்சாங்கில் இறுதிவரை போரிட்ட அப்படையின் அதிகாரிகளுள் சிலர், தம் விசுவாசத்தைக் கைவிட மறுத்ததற்காக ஜப்பானியரால் கொல்லப்பட்டனர். ஒரே மாதம், ஒரே தீவு. ஒரு சாரார் பழைய உறுதிமொழிக்காக உயிர் கொடுத்தனர். மற்றொரு சாரார் அவ்வுறுதிமொழி தம்மைக் கைவிட்டது என்று கருதினர். இவ்விரு சாராரையும் மதிக்கக் கற்பதே வரலாற்றுப் பாடத்தின் கடினமான பகுதி.

அடுத்த மூன்றரை ஆண்டுகள் கிமிகாயோவின் காலம். பள்ளிகளிலும் அப்பண் பயிற்றுவிக்கப்பட்டது. ஆசிரியரும் மாணவரும் தோக்கியோ அரண்மனை இருக்கும் திசையை நோக்கி இடுப்பு வளைத்து வணங்கினர். காவல் நிற்கும் ஜப்பானிய வீரனுக்குக் குனியாமல் கடந்தவர் கன்னத்தில் அறை வாங்கினார். படைவீரர்க்கு மட்டும் உரியதாயிருந்த மரியாதை குடிமக்கள் அனைவர் மீதும் சுமத்தப்பட்டது அப்போதுதான். ஜப்பானியர் தோற்ற மறுநாளே அந்த வணக்கம் இம்மண்ணில் மறைந்துவிட்டது. அறைந்து கற்பித்த பாடத்தின் ஆயுள் அவ்வளவே.

இதே காலத்தில்தான் வேறொரு பண்ணும் பிறந்தது. 1943 ஜூலை 4இல் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர்க் கேத்தே அரங்கில் இந்திய விடுதலைக் கழகத்தின் தலைமையை ஏற்றார். மறுநாள், நகராட்சி மண்டபத்துக்கு எதிரிலுள்ள பாடாங் திடலில் இந்திய தேசிய இராணுவத்தின் அணிவகுப்பைப் பார்வையிட்டார். ஜூலை 12ஆம் நாள் நிகழ்ந்த மகளிர் கூட்டத்தில் அதனினும் அரிய காட்சி ஒன்றைச் சிங்கப்பூர் கண்டது. சென்னையில் பிறந்து சிங்கப்பூரில் மருத்துவராயிருந்த இலட்சுமி சுவாமிநாதன், 20 பெண்களைத் திரட்டிப் பயிற்சியளித்து, போசுக்குத் துப்பாக்கி ஏந்திய அணிமரியாதை செய்வித்தார். சேலையுடுத்திய மகளிர் கனத்த துப்பாக்கிகளை முன்னிறுத்தி நின்றனர். ஆடவர்க்கென்றே வகுத்த படைமரியாதையைத் தென்கிழக்காசியத் தமிழ்ப் பெண்கள் தமதாக்கிக்கொண்ட நாள் அது எனலாம். அக்டோபரில் ஜான்சி ராணிப் படையின் பயிற்சிமுகாம் திறக்கப்பட்டது. இரப்பர்த் தோட்டங்களிலிருந்து தமிழ்ப் பெண்கள் வந்து சேர்ந்தனர். கோலாலம்பூரைச் சேர்ந்த ஜானகி அப்படையின் துணைத்தலைவியரானார். பிற்காலத்தில் மலேசிய நாடாளுமன்ற மேலவையின் உறுப்பினராகவும் அமர்ந்த ஜானகி ஆதி நாகப்பன் அவரே.

1943 அக்டோபர் 21இல் அறிவிக்கப்பட்ட தற்காலிக அரசுக்கு ஒரு பண் வேண்டியிருந்தது. 1911இல் கல்கத்தா காங்கிரசு மாநாட்டில் முதன்முதல் பாடப்பட்ட தாகூரின் ஜன கண மன என்னும் பாடலைப் போஸ் தெரிந்தெடுத்தார். எல்லாச் சமயத்தார்க்கும் ஏற்புடையதாக இருக்க வேண்டும் என்பது அவர் கருத்து. வடமொழிச் சொல் நிறைந்த வங்கப் பாடலைத் தழுவி, எளிய இந்துஸ்தானியில் 'சுப் சுக் செயின்' என்னும் பாடலை ஆபித் ஹசனும் மும்தாஜ் ஹுசேனும் ஆக்கினர். கூர்க்கப் படையிலிருந்து வந்த இராம்சிங் தாக்கூரி அதற்குப் படைநடை பொருந்த இசையமைத்தார். தோட்டத்திலிருந்து சென்ற தமிழர்க்கு இந்துஸ்தானியும் அயல்மொழியே. சொல் புரியாத பாட்டுக்கு நிற்பது அவர்களுக்குப் புதிதன்று. ஆங்கிலப் பாட்டும் அவர்களுக்குப் புரிந்ததில்லை. ஆனால் இம்முறை அவர்கள் நின்றது கங்காணியும் துரையும் பார்க்கிறார்கள் என்பதற்காக அன்று. கூலி என்று அழைக்கப்பட்டவர்கள் படைவீரர் என்று அழைக்கப்பட்டனர். அந்த வேறுபாட்டை அறிய மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

போர் முடிந்தது. 1945 செப்டம்பர் 12இல் அதே நகராட்சி மண்டபத்தில் ஜப்பானியர் மவுண்ட்பேட்டனிடம் சரணடைந்தனர். பாடாங்கில் பிரிட்டிஷ் கொடி மீண்டும் ஏறியது. மன்னர் வாழ்த்து மீண்டும் ஒலித்தது. கடற்கரையருகே எழுப்பப்பட்டிருந்த இந்திய தேசிய இராணுவ நினைவுச் சின்னம் தகர்க்கப்பட்டது. நவம்பரில் தில்லிச் செங்கோட்டையில் ஷா நவாஸ் கான், சேகல், தில்லான் ஆகிய மூன்று அதிகாரிகள் மீது, மன்னருக்கெதிராகப் போர் தொடுத்த குற்றத்துக்காக விசாரணை தொடங்கியது. அடிமைப்பட்ட மக்கள் விடுதலைக்காகப் போரிடும் உரிமையுடையர் என்று பூலாபாய் தேசாய் வாதாடினார். குற்றம் உறுதியாயிற்று, ஆனால் வாழ்நாள் நாடுகடத்தல் தண்டனை 1946 ஜனவரியில் நீக்கப்பட்டது. இந்திய நாடு கொந்தளித்துக்கொண்டிருந்த வேளையில் அதனை நிறைவேற்றும் துணிவு ஆட்சியாளர்க்கு இல்லை.

1950 ஜனவரி 24இல் தாகூரின் ஜன கண மன இந்தியக் குடியரசின் நாட்டுப்பண்ணாக ஏற்கப்பட்டது. சிங்கப்பூரில் அதன் இந்துஸ்தானி வடிவுக்கு நின்றவர்களை விசாரணைக் கூண்டில் ஏற்றிய அதே படை, இப்போது அதன் மூலப்பாட்டுக்கு வணக்கம் செலுத்தியது. அவ்வாறு நின்றவர்கள் விடுதலைக்குப் பின்னரும் பொதுவாக அப்படையில் மீண்டும் சேர்க்கப்படவில்லை. ஒரு பாட்டுக்கு முன்னதாகவே நின்றவர்க்குக் கிடைத்த கூலி இது.

மலாயாவின் சொந்தப் பண் 1957இல் வந்தது. அதற்கெனப் பல நாட்டினரும் பங்குபெறக்கூடிய போட்டி நடத்தப்பட்டு, 514 ஆக்கங்கள் வந்தன. ஒன்றும் தேறவில்லை. பெஞ்சமின் பிரிட்டன், வில்லியம் வால்டன் முதலிய புகழ்மிக்க இசைவாணர்களும், சிங்கப்பூரிலிருந்த சுபைர் சாயிட்டும் அழைக்கப்பட்டனர். அவர்களின் ஆக்கங்களும் ஏற்கப்படவில்லை. மாமேதைகள் எழுதிய இசை, இம்மண்ணின் செவிக்கு அயலாகவே பட்டது. இறுதியில் துங்கு அப்துல் ரகுமான் தலைமையிலான குழு, மக்கள் முன்பே அறிந்த பேராவின் மெட்டைத் தெரிந்தெடுத்துப் புதிய சொற்களை அமைத்தது. அதுவே நெகாராக்கூ. படைமரியாதைக்காக அவசரத்தில் பிறந்தது என்று சொல்லப்படும் மெட்டு, அரை நூற்றாண்டுக்குப் பின் ஒரு நாட்டின் பண்ணாயிற்று. அதன்பின் அதனைக் கேளிக்கைப் பாட்டாக இசைத்தல் இந்நாட்டில் தடை செய்யப்பட்டது. காதற்பாட்டாக அதனைப் பாடிப் பழகியவர்கள், அதே மெட்டுக்கு எழுந்து நிற்கப் பழக வேண்டியவராயினர்.

ஆகஸ்ட் 30ஆம் நாள் நள்ளிரவில் சிலாங்கூர்க் கிளப் திடலில் விளக்குகள் இரண்டு நிமிடம் அணைக்கப்பட்டன. மீண்டும் ஒளி வந்தபோது பிரிட்டிஷ் கொடி இறங்கியது. அரசி வாழ்த்து ஒலித்தது. பின் மலாயாக் கொடி ஏறியது, நெகாராக்கூ ஒலித்தது. ஒரே நின்ற நிலையில், சில நிமிட இடைவெளியில், இரண்டு பண்களுக்கு மரியாதை. முதற்பண்ணுக்குக் கூடியிருந்த மக்கள் அமைதி காத்தனர் என்பது இந்நாட்டின் பண்பாட்டுக்குப் பெருமை. மறுநாட்காலை மழையால் ஒரு மணி நேரம் தாமதமாகத் தொடங்கிய மெர்டேக்கா அரங்க விழாவில், மலாய்ப் படையினர் தம் நாட்டுப் பண்ணுக்கு, தம் மொழிப் பாட்டுக்கு, முதன்முறையாகத் துப்பாக்கியை முன்னிறுத்தினர்.

1968ஆம் ஆண்டின் நாட்டுப்பண் சட்டம் இம்மரியாதையைக் குடிமக்களுக்கும் உரியதாக்கிற்று. பண் ஒலிக்கும்போது அனைவரும் நேராக நிற்றல் வேண்டும். வானொலி, தொலைக்காட்சி ஒலிபரப்பின் இடையே வருவதற்கு இவ்விதி பொருந்தாது. அவமதிப்பவர்க்கு 100 வெள்ளி வரை தண்டமோ ஒரு மாதம் வரை சிறையோ உண்டு. தொகை சிறிது, தண்டத்தின் அச்சத்தால் எவரும் நிற்பதில்லை என்பதையே அது காட்டுகிறது. 1992இல் பண் விரைவான நடைக்கு மாற்றப்பட்டது. அம்மாற்றம் மக்கள் உள்ளத்தில் ஒட்டவில்லை. 2003இல் பண் தன் பழைய பெருமித நடைக்கே திரும்பியது.

கோலாலம்பூரில் ஏற்கப்படாத சுபைர் சாயிட், 1958இல் சிங்கப்பூர் நகராட்சிக்காக மஜூலா சிங்கப்பூரா என்னும் பாடலை இயற்றினார். 1959 டிசம்பர் 3ஆம் நாள், நகர மண்டபப் படிகளில் யூசோப் இஷாக் நாட்டுத்தலைவராகப் பதவியேற்றபோது, புதிய கொடியும் சின்னமும் அறிமுகமாயின. அப்பாடல் மாநிலப் பண்ணாக ஒலித்தது. 1963 செப்டம்பர் 16இல் சிங்கப்பூர் மலேசியாவோடு இணைந்ததும் நெகாராக்கூ நாட்டுப்பண்ணாகவும் மஜூலா மாநிலப் பண்ணாகவும் நின்றன. சிங்கப்பூர்க் காலாட்படையினர் மலேசிய வீரராகப் போர்னியோவிலும் ஜொகூரிலும் இந்தோனேசிய ஊடுருவலை எதிர்த்து நின்றனர். சிலர் உயிரும் ஈந்தனர். 1965 ஆகஸ்ட் 9இல் பிரிவு வந்தது. நேற்றுவரை நாட்டுப்பண்ணாயிருந்தது அண்டை நாட்டின் பண்ணாயிற்று.

அடுத்த ஆண்டு அதே நாளில் பாடாங்கில் முதல் தேசிய தின அணிவகுப்பு நடந்தது. படையினரோடு காவலரும் தீயணைப்பாளரும் மாணவர் அணிகளும் திடலில் நின்றனர். குடியரசுத் தலைவராகிவிட்ட யூசோப் இஷாக் மரியாதையை ஏற்றார். 1943இல் போஸ் தம் படையைப் பார்வையிட்ட திடல் அது. 1945இல் ஜப்பானியர் சரணடைந்த மண்டபம் அதன் எதிரே இருந்தது. இடையில் ஒரு சாலையின் அகலமே இருந்தது.